அர்ச்சகருக்கு இடமாறுதல் உத்தரவு: கோர்ட்டில் எந்த வாதம் நிற்கும்?

#1 காவிரிக்கரை

எல்லோருக்கும் வணக்கம். தஞ்சாவூர் மாவட்டத்தில் அறநிலையத் துறை நிர்வாகத்தில் இருக்கும் ஒரு சிவன் கோயிலில் அப்பா குருக்களாக இருக்கிறார். தாத்தா காலத்திலிருந்து அதே சன்னதி. கோயில் பெயரைப் போட வேண்டாம் என்று அப்பா சொல்லிவிட்டார்.

இணை ஆணையர் அலுவலகத்திலிருந்து ஓர் உத்தரவு வந்திருக்கிறது. "நிர்வாக நலன் கருதி" திருவாரூர் மாவட்டத்தில் ஓர் அம்மன் கோயிலுக்கு மாறுதல். முன்னால் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். உற்சவ உபயக் கணக்கு விஷயமாக அப்பாவுக்கும் அலுவலகத்துக்கும் பேச்சு முற்றியது. கொஞ்ச நாளில் அப்பா மேல் ஒரு மொட்டைப் பெட்டிஷன் போனது. விளக்கம் கேட்டார்கள், எழுதிக் கொடுத்தார். விசாரணை எதுவும் இல்லை, நேராக மாறுதல்.

அர்ச்சகரை இப்படி ஊர் மாற்ற சட்டத்தில் இடம் உண்டா? கோர்ட்டுக்குப் போனால் எதைச் சொல்ல வேண்டும்? தெரிந்தவர்கள் வழி சொல்லுங்கள்.

#2 மாடவீதி

தாத்தா காலத்திலிருந்து வரும் கைங்கர்யம் என்பது ஒன்றே போதும் தம்பி. பரம்பரை அர்ச்சகரைத் தொட இவர்களுக்கு என்ன உரிமை? உடனே ஹைகோர்ட்டில் ரிட் மனு போடுங்கள். தடை கிடைக்கும்.

#3 கறுப்பங்கி

மாடவீதி ஐயா கோபிக்கக் கூடாது. பரம்பரை என்ற வாதத்தை முதல் வரியில் வைத்தால் அந்த மனு அன்றைக்கே பலவீனமாகிவிடும். நான் இந்த வகை வழக்குகளில் ஆஜராகிறவன். கொஞ்சம் நீட்டியே எழுதுகிறேன்.

1959-ஆம் ஆண்டு அறநிலையச் சட்டத்தின் 55-வது பிரிவை 1970-இல் திருத்தினார்கள். வாரிசு வரிசையில் அடுத்தவர் என்ற காரணத்துக்காக மட்டும் யாருக்கும் நியமன உரிமை கிடையாது என்று வந்தது. அதை எதிர்த்து அர்ச்சகர்களும் மடாதிபதிகளும் உச்ச நீதிமன்றம் போனார்கள். 14.3.1972 அன்று சேஷம்மாள் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது. திருத்தம் செல்லும். அர்ச்சகர் கோயிலின் ஊழியர், அறங்காவலரின் கட்டுப்பாட்டுக்கு உட்பட்டவர். அவரை நியமிப்பது சமயம் சாராத செயல். ஆந்திரத்தில் 1987 சட்டம் பரம்பரை உரிமையை ஒழித்தபோதும், 1996-இல் நாராயண தீக்ஷிதுலு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. அரை நூற்றாண்டாக மூடியிருக்கும் அந்தக் கதவைப் போய் இடிப்பதில் பயன் இல்லை.

ஆனால் அதே சேஷம்மாள் தீர்ப்பில் இன்னொரு பாதி இருக்கிறது. அறங்காவலர் யாரை வேண்டுமானாலும் அர்ச்சகராக வைத்துவிட முடியாது. அந்தக் கோயிலின் ஆகமம், அதாவது பூசை முறையைச் சொல்லும் நூல், எந்தப் பிரிவினரைச் சொல்கிறதோ அந்தப் பிரிவிலிருந்துதான் வைக்க வேண்டும் என்றும் நீதிமன்றம் சொன்னது. 28-வது பிரிவு வேறு இருக்கிறது. கோயிலின் வழக்கத்துக்கு ஏற்ப நிர்வாகம் செய்ய அறங்காவலர் கடமைப்பட்டவர். உங்கள் அப்பாவின் வழக்கு நிற்க வேண்டிய இடம் இந்தப் பாதிதான்.

மூன்று கேள்விகளுக்குப் பதில் சொல்லுங்கள். உத்தரவில் எந்தப் பிரிவு, எந்த விதி என்று குறிப்பிட்டிருக்கிறதா? கையெழுத்து யாருடையது? இரண்டு கோயிலும் ஒரே செயல் அலுவலரின் கீழ் இருக்கின்றனவா?

#4 காவிரிக்கரை

சார், ரொம்ப நன்றி. உத்தரவில் பிரிவு எண் எதுவும் இல்லை. "நிர்வாக நலன்" மட்டும்தான். கையெழுத்து இணை ஆணையர். இரண்டு கோயிலுக்கும் செயல் அலுவலர் வேறு வேறு ஆள். அந்த அம்மன் கோயிலில் பண்டார வகுப்பினர் வழிவழியாகப் பூசை செய்து வந்திருக்கிறார்கள் என்று அப்பா விசாரித்துச் சொன்னார்.

#5 பணிநிறைவு

நான் பெரிய கோயில் ஒன்றில் கணக்குப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவன். நிர்வாகத்தின் பக்கத்தையும் யாராவது சொல்ல வேண்டும்.

துறையின் கீழ் 44,000 கோயிலுக்கு மேல் இருக்கிறது. வருமானம் உள்ள கோயிலில் ஒரு சன்னதிக்கு நாலைந்து பேர் முறை வைத்துக்கொண்டு நிற்பார்கள். இரண்டு கல் தள்ளி ஒரு சோழர் காலத்துக் கோயிலில் விளக்கேற்ற ஆள் இருக்காது. அங்கே போ என்றால் யாரும் போவதில்லை. ஏனென்றால் தட்டில் விழுவதற்கு அங்கே ஆள் வராது. பக்தர்களிடம் கெடுபிடியாகக் காசு கேட்கிறார் என்று ஒருவர் மேல் தொடர்ந்து புகார் வந்தால், அவரை சஸ்பெண்ட் செய்து குடும்பத்தைத் தெருவில் நிறுத்துவதை விட வேறு கோயிலுக்கு அனுப்புவது மனிதத்தன்மை உள்ள நடவடிக்கை என்று நினைக்கும் அதிகாரிகளும் இருக்கிறார்கள். நான் பார்த்திருக்கிறேன். மாறுதலே கூடாது என்று சொன்னால், கடைசியில் பணிநீக்கம் ஒன்றுதான் மிஞ்சும். அது அர்ச்சகர்களுக்கு நல்லதா?

எழுத்தர், காவலர் போன்ற வெளித்துறை ஆட்கள் மாறிப் போகிறார்கள். உள்துறைக்கு மட்டும் ஏன் தனி விதி என்ற கேள்வி ஊழியர்கள் மத்தியில் எப்போதும் உண்டு.

#6 கறுப்பங்கி

பணிநிறைவு ஐயா சொன்னதில் நியாயம் இருக்கிறது. கோர்ட்டும் மாறுதல் வழக்கில் பெரும்பாலும் அந்தப் பக்கம்தான் சாயும், அதை மறைக்க மாட்டேன். 1989 குஜராத் மின்வாரிய வழக்கு, 1991 ஷில்பி போஸ், 1993 அப்பாஸ், இந்த மூன்று உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளையும் அரசுத் தரப்பு கட்டாயம் எடுத்து வைக்கும். மாறுதல் என்பது வேலையோடு கூடவே வருவது. சட்ட விதிக்கு மாறாகவோ கெட்ட எண்ணத்திலோ பிறப்பிக்கப்பட்டால் ஒழிய நீதிமன்றம் தலையிடாது என்பதுதான் அவற்றின் சாரம்.

ஆனால் அவை அரசாங்கம், வாரியம் போன்ற ஒரே முதலாளியின் கீழ் பல ஊர்களில் ஆபீஸ் இருக்கும் இடங்களைப் பற்றியவை. கோயில் அப்படியா? ஒவ்வொரு கோயிலின் மூர்த்தியும் சட்டத்தின் பார்வையில் தனி நபர். சொத்து தனி, வரவு செலவு தனி, அறங்காவலர் தனி. அர்ச்சகருக்குச் சம்பளம் கொடுப்பது அந்தக் கோயிலின் நிதி, அரசுக் கருவூலம் அல்ல. 55-வது பிரிவு நியமன அதிகாரத்தை அறங்காவலரிடம் கொடுக்கிறது. 56-வது பிரிவு ஒழுங்கு நடவடிக்கையை அவரிடம் கொடுக்கிறது. அதில் அபராதம், தற்காலிக நீக்கம், பதவி நீக்கம், பணிநீக்கம் என்று வரிசையாகச் சொல்லியிருக்கிறது. வேறொரு கோயிலுக்கு அனுப்புவது அந்த வரிசையில் இல்லை. ஒரு கோயிலின் அறங்காவலர் இன்னொரு கோயிலின் காலியிடத்தை எப்படி நிரப்ப முடியும்?

துறை என்ன சொல்லும்? மாறுதல் தண்டனை அல்ல, அதனால் 56-இல் தேட வேண்டாம், 116-வது பிரிவின் கீழ் போட்ட பணி விதிகளிலும் ஆணையரின் பொது அதிகாரத்திலும் அது அடங்கும் என்பார்கள். சரி, எந்த விதி, எந்த உட்பிரிவு, அந்த அதிகாரம் இணை ஆணையருக்கு ஒப்படைக்கப்பட்டதா, எந்த ஆணையால் என்று மனுவில் கேளுங்கள். உத்தரவில் விதியைக் குறிப்பிடாதது மட்டுமே அதை ரத்து செய்யப் போதாது. அதிகாரம் எங்காவது இருந்தால் போதும். அதைக் காட்ட வேண்டிய பொறுப்பு அவர்கள் தலையில் விழும்.

ஒரே கோயிலின் உப கோயில்களுக்குள், அல்லது ஒரே நிர்வாகத்தில் இருக்கும் தொகுப்புக் கோயில்களுக்குள் அனுப்பினால் இந்த வாதம் பெரும்பாலும் செல்லாது. அது வேலைப் பிரிப்பு என்று நீதிபதி சொல்லிவிடுவார். உங்கள் கதை அப்படி இல்லை.

#7 ஆகமப்பிள்ளை

குருக்கள் பண்டாரப் பூசை உள்ள அம்மன் கோயிலுக்கு மாற்றப்படுகிறார் என்பதை எல்லோரும் சாதாரணமாகக் கடந்து போகிறீர்கள். எனக்கு வயிறு எரிகிறது. சைவாகமம் 28. அதில் காமிகம், காரணம் என்று அந்தந்தக் கோயிலுக்கு ஒரு பத்ததி, அதாவது பூசை முறை. ஒரு குருக்கள் தீக்ஷை பெற்று, ஆசார்யாபிஷேகம் ஆகி, ஒரு மூர்த்திக்கு இத்தனை வருஷம் நியமத்தோடு செய்கிறார். அவரைக் கொண்டு போய் வேறு மரபில் வைத்தால் இரண்டு கோயிலுக்கும் குற்றம். அங்கே வழிவழியாகச் செய்த பண்டாரத்தின் இடமும் பறிபோகிறது. அவர் என்ன செய்வார்?

பெருமாள் கோயிலில் பாருங்கள். திருவல்லிக்கேணி வைகானசம், ஸ்ரீரங்கம் பாஞ்சராத்ரம், இரண்டும் வேறு வேறு ஆகம மரபு. ஒரு பட்டாச்சாரியாரை ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு "நிர்வாக நலன்" என்று அனுப்ப முடியுமா? திருச்செந்தூரில் ஒரே கோயிலுக்குள்ளேயே மூலவருக்குப் போற்றிமார், சண்முகருக்குச் சிவாசாரியார். அந்த எல்லையைக் கூட யாரும் தாண்டுவதில்லை.

#8 கறுப்பங்கி

ஆகமப்பிள்ளை சொன்னதைச் சட்ட மொழியில் இப்படி வைக்கலாம். புதிய கோயிலில் ஒருவரை அர்ச்சகராக உட்கார வைப்பது, பெயர் மாறுதல் என்றாலும், அந்தக் கோயிலைப் பொறுத்தவரை ஒரு நியமனமே. அப்படியானால் சேஷம்மாள் போட்ட நிபந்தனை மாறுதலுக்கும் பொருந்தும். 2015 டிசம்பரில் ஆதி சைவ சிவாசாரியார் நலச் சங்க வழக்கிலும் உச்ச நீதிமன்றம் ஆகமத்தின்படியே நியமனம், ஒவ்வொரு கோயிலையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும் என்ற நிலையைத்தான் எடுத்தது. கோயில் ஊழியர்களுக்கான 2020 பணி விதிகளை எதிர்த்த வழக்கில் 22.8.2022 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முதல் அமர்வு விதிகளை ரத்து செய்யவில்லை. ஆனால் ஆகமக் கோயில்களில் ஆகமப்படியே அர்ச்சகர் நியமனம் இருக்க வேண்டும் என்று வரம்பு வைத்தது. எவை ஆகமக் கோயில்கள் என்று கண்டறிய ஓய்வு பெற்ற நீதிபதி சொக்கலிங்கம் தலைமையில் குழுவும் சொன்னது.

எதிர்த்தரப்பு 2023 ஜூன் தீர்ப்பைக் காட்டும். சேலம் சுகவனேஸ்வரர் கோயில் வழக்கில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், ஆகமத்தில் தேர்ச்சி உள்ளவரா என்பதுதான் கேள்வி, சாதிக்கு அங்கே இடமில்லை என்றார். அது உங்களுக்கு எதிரானதும் இல்லை. தேர்ச்சி எந்தப் பத்ததியில் என்ற கேள்வி அப்போதும் நிற்கிறது. அதே ஆண்டு செப்டம்பரில் ஆகமக் கோயில் நியமனங்களில் இருக்கும் நிலையே தொடர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

#9 பயிற்சிமாணவன்

நான் பரம்பரையில் வந்தவன் இல்லை. 2007-இல் அரசு தொடங்கிய அர்ச்சகர் பயிற்சிப் பள்ளியில் படித்து தீக்ஷை வாங்கினேன். எங்களில் 200 பேருக்கு மேல் படிப்பை முடித்து வருஷக்கணக்காகக் காத்திருந்தோம். 2021 ஆகஸ்ட் 14-இல் பயிற்சி பெற்ற 24 பேருக்கு நியமனம் கிடைத்தபோது அழுதோம்.

அண்ணா, உங்கள் அப்பாவுக்கு நடந்தது தவறு. ஆனால் இந்த இழை போகிற போக்கில் ஒன்றைச் சொல்ல வேண்டும். மரபு, பத்ததி என்று நீங்கள் வைக்கும் ஒவ்வொரு வாதமும் நாளைக்கு எங்களை உள்ளே விடாமல் இருக்கவும் பயன்படும். எங்களில் சிலரை ஆணை வந்த பிறகும் கருவறைக்கு விடவில்லை, பரிவார சன்னதியோடு நிறுத்தினார்கள். புகார் சொன்னால் எங்களுக்கும் முதலில் வருவது மாறுதல் உத்தரவுதான். ஊரில் ஆதரவு இல்லாத எங்களுக்கு அதைத் தடுக்க ஆளும் இல்லை. அதனால் "பழிவாங்கும் மாறுதல் கூடாது, அதிகாரம் இல்லாத அதிகாரி கையெழுத்துப் போடக் கூடாது" என்ற வாதத்தை முன்னால் வையுங்கள். அது எல்லா அர்ச்சகருக்கும் பாதுகாப்பு. பரம்பரை வாதம் உங்கள் வீட்டுக்கு மட்டும்தான்.

#10 மாடவீதி

தம்பி பயிற்சிமாணவன், உங்கள் கஷ்டம் புரிகிறது. ஆனாலும் ஒரு குடும்பம் ஒரு தெய்வத்தைத் தலைமுறை தலைமுறையாகத் தொட்டு வளர்த்ததற்குச் சட்டத்தில் மதிப்பே இல்லை என்பதை என் மனசு ஏற்கவில்லை. கறுப்பங்கி சார் சொல்வது சட்டமாக இருக்கலாம்.

#11 நாஞ்சில்

எங்கள் பக்கத்து அனுபவம். திருவிதாங்கூர் தேவசம் போர்டில் பூஜை செய்கிற சாந்திக்காரர்கள் போர்டு ஊழியர்கள். பொது மாறுதலில் ஒரு க்ஷேத்திரத்திலிருந்து இன்னொன்றுக்குப் போவது அங்கே வழக்கம்தான், யாரும் அதிசயமாகப் பார்ப்பதில்லை. சபரிமலை மேல்சாந்தியே ஒரு வருஷத்துக்குத்தான், குலுக்கல் முறையில். அப்படி நடக்க முடிவதற்குக் காரணம், தந்திரி என்ற ஸ்தானம் தனியாக இருக்கிறது. அந்தக் கோயிலின் தந்திர விதியைக் காப்பது பரம்பரைத் தந்திரி, அவர் மாறுவதில்லை. தினசரிப் பூஜை செய்கிற சாந்தி மாறுகிறார். 2002-இல் ஆதித்யன் வழக்கில், நீரிக்கோடு சிவன் கோயிலில் மலையாளப் பிராமணர் அல்லாதவர் சாந்தி ஆனதை உச்ச நீதிமன்றம் ஏற்றதும் இந்த அமைப்புக்குள் நடந்தது.

சோழ நாட்டுச் சிவன் கோயிலில் அந்த இரண்டு ஸ்தானமும் ஒரே குருக்களிடம் இருக்கிறது. கும்பாபிஷேகத்துக்கு சர்வசாதகம் செய்பவர், அதாவது சடங்குகளைத் தலைமையேற்று நடத்துபவர், வெளியிலிருந்து வரலாம். மற்ற நாளில் நியமம் தெரிந்த ஒரே ஆள் அவர்தான். கேரளத்தைக் காட்டி "அங்கே மாற்றுகிறார்களே" என்று அரசு வக்கீல் கேட்டால் இதைச் சொல்லலாம்.

#12 கறுப்பங்கி

நாஞ்சில் அண்ணாச்சி, இது மிக நல்ல குறிப்பு. போர்டு ஒரே முதலாளி என்பதையும் சேர்த்துக்கொள்கிறேன். இங்கே அப்படி ஒரு பொது முதலாளி கிடையாது.

#13 குருக்கள்வீட்டுப்பெண்

நான் எழுதலாமா என்று யோசித்தேன். எங்கள் அகத்திலும் இது நடந்தது, வேறு மாவட்டம்.

சம்பளம் என்று கோயிலில் கொடுப்பதை வைத்து யாரும் குடும்பம் நடத்த முடியாது. ஒரு கால பூஜைக் கோயில் அர்ச்சகருக்கு மாதம் 1,000 ரூபாய் ஊக்கத்தொகை என்று 2021-இல் அறிவித்ததே பெரிய விஷயமாக இருந்தது என்றால் நிலைமையைப் பார்த்துக்கொள்ளுங்கள். தட்டுக்காசு, வெளியில் கிரகப்பிரவேசம், ஆயுஷ்ஹோமம், தெரிந்த நாலு குடும்பத்தின் ஆதரவு, இதுதான் வரும்படி. ஊர் மாறினால் அத்தனையும் போய்விடும். உத்தரவில் "அதே ஊதிய விகிதத்தில்" என்று எழுதியிருக்கும். தாளில் பார்த்தால் எந்த நஷ்டமும் இல்லை.

அடுத்தது வீடு. நாங்கள் இருந்தது கோயில் மனையில். மாறுதல் ஆன மறு மாதம் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ். மூன்றாவது, ஊழிய மானிய நிலம். பூஜை செய்வதற்காகத் தாத்தாவுக்கு முன்னாலிருந்து அனுபவித்து வந்தது. ஊழியம் செய்யவில்லை என்றால் அது என்ன ஆகும்? இதையெல்லாம் யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. காவிரிக்கரை, அப்பாவுக்கு அப்படி ஏதாவது இருந்தால் இப்போதே வக்கீலிடம் சொல்லுங்கள்.

#14 கறுப்பங்கி

அம்மா எழுதியது மனுவில் ஒரு தனிப் பத்தியாகவே வர வேண்டியது. 41-வது பிரிவின்படி, ஊழியத்துக்காகக் கொடுத்த இனாமில் அந்த ஊழியம் நின்றுபோனால் நிலத்தை மீட்டு வேறு வகையில் வழங்க வழி இருக்கிறது. 1963-இன் 30-வது சட்டமான சிறு இனாம் ஒழிப்புச் சட்டத்தில் ரயத்துவாரிப் பட்டா நிலமாக மாறிய ஊழிய மானியங்களுக்கும் ஊழியத் தொடர்ச்சி ஒரு நிபந்தனையாகவே வந்தது. ஆக மாறுதல் உத்தரவு ஒன்று, நில உரிமையையும் மறைமுகமாகத் தொடுகிறது. "சம்பளம் குறையவில்லை, ஆகவே பாதிப்பில்லை" என்ற பதிலை இது உடைக்கும். அப்பாவிடம் நிலம் பற்றிக் கேளுங்கள். பட்டா, இனாம் தீர்வுப் பட்டயம், எது இருந்தாலும் நகல் எடுங்கள்.

இப்போது மொட்டைப் பெட்டிஷன். 2009-இல் சோமேஷ் திவாரி வழக்கு என்று ஒன்று. பெயரில்லாத புகாரின் பேரில் ஒரு மத்திய அரசு அதிகாரியை மாற்றினார்கள். விசாரித்ததில் புகாரில் உண்மை இல்லை என்று தெரிந்தது. தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தினால் அது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. உங்கள் கையில் இருக்கும் கூர்மையான ஆயுதம் இதுதான். விளக்கம் கேட்ட கடிதம், அப்பா கொடுத்த பதில், மாறுதல் உத்தரவு மூன்றையும் தேதி வரிசையில் அடுக்குங்கள். கணக்குத் தகராறில் அப்பா எழுத்தில் ஏதாவது கொடுத்திருந்தால் அதுவும் வேண்டும்.

ஒரு எச்சரிக்கை. அதிகாரிக்குக் கெட்ட எண்ணம் என்று சும்மா எழுதக் கூடாது. அப்படிச் சொன்னால் அவரைப் பெயரோடு எதிர்மனுதாரராகச் சேர்த்து, சம்பவத்தை நிரூபிக்க வேண்டும். அது கடினம். "உத்தரவின் உண்மையான காரணம் புகார், எழுதிய காரணம் வேறு" என்பது சட்டப்படியான குறை. அதற்கு யார் மனதையும் திறந்து காட்டத் தேவையில்லை.

#15 பணிநிறைவு

கறுப்பங்கி தம்பி, ஒரு சந்தேகம். 55-லும் 56-லும் ஒரு மாதத்துக்குள் அப்பீல் வழி இருக்கிறதே. நேராக ரிட் போனால் "மாற்று வழி இருக்கிறது" என்று திருப்பி அனுப்ப மாட்டார்களா?

#16 கறுப்பங்கி

அந்த அப்பீல்கள் அறங்காவலர் பிறப்பிக்கும் உத்தரவுகளுக்கானவை. இங்கே பிறப்பித்தவரே இணை ஆணையர். அவர் உத்தரவின் மேல் 21-வது பிரிவில் ஆணையரிடம் சீராய்வு கேட்கலாம். ஆனால் அதிகாரமே இல்லை என்பது முதன்மை வாதமாக இருக்கும்போது ரிட்டுக்குத் தடை இல்லை. நடைமுறையில் நான் செய்வது, ஆணையருக்கு விரிவான ஒரு மனு, ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில். கூடவே ரிட். பல நேரம் நீதிபதி "மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்தில் உத்தரவிடுக, அதுவரை இப்போதைய நிலை தொடரட்டும்" என்று முடித்துவைப்பார். அந்தக் கடைசி வாக்கியம் கிடைக்காமல் வெறும் "பரிசீலிக்க" மட்டும் வந்தால் மாறுதல் நடந்துவிடும். எனவே தடை கேட்கும் இடைக்கால மனுவை அலட்சியமாகத் தயாரிக்க வேண்டாம்.

எந்தக் கோர்ட் என்பதையும் பாருங்கள். தஞ்சாவூர் மாவட்டம் மதுரைக் கிளைக்கு, திருவாரூர் சென்னைக்கு. பாதிப்பு தஞ்சாவூரில் நடந்ததால் மதுரையில் போடலாம்.

#17 காவிரிக்கரை

எல்லோருக்கும் நன்றி. அப்பாவிடம் படித்துக் காட்டினேன். 14-வது பதிவை இரண்டு முறை படிக்கச் சொன்னார். மானிய நிலம் கொஞ்சம் இருக்கிறது, சித்தப்பாவோடு பொது. நியமன உத்தரவு அந்தக் கால அறங்காவலர் கொடுத்தது, பழுப்பேறிப் போனாலும் இருக்கிறது. பயிற்சிமாணவன் தம்பி சொன்னபடி அதிகாரம், பழிவாங்கல் இரண்டையும் முன்னால் வைத்து, ஆகமத்தை அடுத்தும், பரம்பரையை வெறும் பின்னணியாகவும் எழுதச் சொல்லப் போகிறோம். அப்பாவுக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான், ஆனால் ஒப்புக்கொண்டார்.

ஒரே கேள்வி. விடுவிப்பு உத்தரவைக் கையில் கொடுத்துவிட்டார்கள். தடை வரும் வரை அப்பா இங்கேயே பூஜை செய்யலாமா? அந்தக் கோயிலில் போய்ச் சேர வேண்டுமா? வேறு ஆள் இன்னும் வரவில்லை, நித்திய பூஜை நின்றுவிடுமே என்று தவிக்கிறார்.

#18 கறுப்பங்கி

குஜராத் மின்வாரிய வழக்கு சொல்வது இதுதான்: தடை இல்லாத நிலையில் சேராமல் இருந்தால் அதுவே ஒழுங்கு நடவடிக்கைக்குக் காரணமாகிவிடும். விடுவித்த பிறகு சன்னதிக்குள் நின்றால் அதையே புது குற்றச்சாட்டாக எழுதுவார்கள். ஆகவே "என் ஆட்சேபணைக்கும் சட்ட உரிமைகளுக்கும் பாதகமின்றி" என்று எழுத்தில் கொடுத்துவிட்டு அங்கே போய்ச் சேரச் சொல்லுங்கள். சேர்ந்ததால் வழக்கு செத்துவிடாது. அங்கே பூசை செய்பவரிடம் சண்டை வேண்டாம். அவர் விரும்பினால் அவரும் தன் பக்கத்து நியாயத்தை ஒரு மனுவாக ஆணையருக்குக் கொடுக்கட்டும், அது நமக்கும் உதவும். நித்திய பூஜைக்கு மாற்று ஆள் வரும்வரை சித்தப்பா முறை பார்க்க முடியுமானால், அதைச் செயல் அலுவலரிடம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒன்று. அப்பா பொறுப்பில் இருக்கும் திருவாபரணம், வெள்ளிப் பாத்திரம், உற்சவர் கவசம், சாவி, எதுவாக இருந்தாலும் பதிவேட்டில் உள்ள பட்டியலோடு ஒப்பிட்டு, எடை போட்டு, வாங்குகிறவரிடம் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து வாங்காமல் வெளியே வர வேண்டாம். முடிந்தால் ஊர்ப் பெரியவர் இருவர் சாட்சியாக இருக்கட்டும். மாறுதல் வழக்கு ஜெயித்த பிறகும் நகை தணிக்கையில் மாட்டிக்கொண்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். அந்தக் கையெழுத்துப் பட்டியலின் நகல் நாளைக்கே எனக்கு வேண்டும், தனிச் செய்தியில் அனுப்புங்கள்.